1869-ஆம் ஆண்டும் எங்கள் வீட்டுக் காப்பி மெஷினும்

போன தை மாதம் மகன் குடும்பத்தோடு பிரான்சிலிருந்து ஊர் திரும்பிவிட்டான். இனி வீட்டிலிருந்தே வேலையாம். வந்த சாமான்களில் பாதி புத்தகம். மீதிப் பாதியில் பேரப்பிள்ளைகளின் சைக்கிள், பொம்மை, குளிர்காலச் சட்டைகள். எல்லாவற்றுக்கும் கடைசியில் ஒரு மரப்பெட்டி. மூன்று பேர் சேர்ந்து பிடித்துத்தான் வண்டியிலிருந்து இறக்க முடிந்தது.

உள்ளே இத்தாலியில் செய்த எஸ்பிரெஸோ காப்பி மெஷின். பளபளக்கும் எஃகு உடம்பு, இரண்டு கொதிகலன், முகப்பில் முள் ஆடும் இரண்டு அழுத்தமானிகள். பக்கத்தில் காப்பிக்கொட்டை அரைக்க இன்னொரு மெஷின். விலையை மகன் சொல்லவில்லை, மருமகள்தான் சொன்னாள். நான் ஓய்வு பெற்ற வருடம் வாங்கிய மாதச் சம்பளத்தைப் போல ஏழு மடங்கு. என் மனைவி ஒரு முறை எட்டிப் பார்த்துவிட்டுத் தன் பித்தளை பில்டரில் வெந்நீர் ஊற்றப் போய்விட்டாள்.

மறுநாள் மகன் வெளியே போயிருந்த நேரம் பார்த்து நான் ஒரு காரியம் செய்தேன். எங்கள் வழக்கமான பொடியை, அதாவது நூற்றுக்கு இருபது சிக்கரி கலந்ததை, அந்த மெஷினின் கரண்டியில் அழுத்தி வைத்துப் பொத்தானைத் தட்டினேன். முள் மேலே ஏறியது. மெஷின் உறுமியது. கிண்ணத்தில் ஒன்றும் விழவில்லை. வெகு நேரம் கழித்துத் தார் போல நாலு சொட்டு. மகன் வந்து ஒரு மணி நேரம் கழற்றித் துடைத்தான். சிக்கரி வெந்நீர் பட்டதும் ஊறிக் குழைந்துவிடும். பில்டரில் அதனால் டிகாக்ஷன் கெட்டியாக, நிதானமாக இறங்குகிறது. அழுத்தத்தில் வேலை செய்யும் மெஷினிலோ வழியை அடைத்துக்கொள்கிறது.

அவன் கோபிக்கவில்லை. "இதுக்குப் பொடி ஆகாதுப்பா. சிக்கரி ஆகவே ஆகாது. கொட்டையா வாங்கி, குடிக்கிற நேரத்துல அரைக்கணும். எந்தக் கொட்டைன்னு நீங்களே பாத்து முடிவு பண்ணுங்க. ஊர்ல எல்லாக் கடையும் உங்களுக்குத் தெரியுமே," என்றான்.

முப்பத்தாறு வருடம் கோப்பு புரட்டியவனிடம் ஒரு கேள்வியைக் கொடுத்தால் சும்மா இருப்பானா? முன்தொடர்பு எல்லாம் தேடி எடுத்துக் குறிப்பு எழுதாமல் தூக்கம் வராது. இந்தப் பதிவு அந்தக் குறிப்புதான்.

மெஷின் கேட்பது என்ன?

முதலில் மெஷினின் பூர்வீகம். மிலான் நகரத்து லூயிஜி பெஸ்ஸேரா 1901-இல் ஒரு காப்பி மெஷினுக்குக் காப்புரிமை வாங்கினார். டெசிடேரியோ பவோனி அந்த உரிமையைப் பெற்று அதை விற்பனைக்குக் கொண்டுவந்தார். கேட்டவருக்குக் கேட்ட நேரத்தில், ஒரு கோப்பை மட்டும், சட்டென்று போட்டுத் தருவது அதன் நோக்கம். அப்போது நீரைத் தள்ளியது நீராவி. அதன் அழுத்தம் போதாது, சூடோ அதிகம். காப்பி சற்றுக் கருகின சுவையோடுதான் வந்தது. மேலே நுரையும் கிடையாது.

அதே மிலானில் அச்சில்லே காஜ்ஜியா என்பவர் நீராவியை விலக்கிவிட்டார். 1938-இல் காப்புரிமை. போர் முடிந்தபின், 1948 வாக்கில், நெம்புகோலும் சுருள்வில்லும் வைத்த மெஷின் கடைகளுக்கு வந்தது. காற்று மண்டலத்தின் அழுத்தத்தைப் போல எட்டு ஒன்பது மடங்கு அழுத்தத்தில் வெந்நீர் பொடிக்குள் புகுந்தது. அப்போதுதான் காப்பியின் மேல் பழுப்பு நிறத்தில் ஒரு நுரைப்படலம் முதன்முதலாகத் தோன்றியது. இத்தாலியர்கள் அதைக் கிரேமா என்கிறார்கள். 1961-இல் இன்னொரு இத்தாலிய நிறுவனம் நெம்புகோலுக்குப் பதிலாக மின்சாரப் பம்பு வைத்த மெஷினைக் கொண்டுவந்தது. அந்த வருடம் ஐரோப்பாவில் தெரிந்த சூரிய கிரகணத்தின் பெயரில் அதற்கு E61 என்று பெயர். எங்கள் வீட்டு மெஷின் அதன் பேரப்பிள்ளை முறை.

நம் பில்டரில் அழுத்தம் ஏதும் இல்லை. நீர் தன் பாரத்தில் தானே இறங்குகிறது. அரை மணி நேரம் ஆனாலும் யாரும் கேட்பதில்லை. மெஷினிலோ எல்லாம் முப்பது விநாடிக்குள் முடிந்துவிடும். கொட்டையில் உள்ள நல்லதும் கெட்டதும் பூதக்கண்ணாடியில் பார்த்த மாதிரி கோப்பையில் வந்துவிடும். புளிப்புத் தூக்கலான கொட்டை என்றால் வாயே கூசும். ஆகவே இந்த மெஷினுக்கு மூன்று குணம் வேண்டும்: புளிப்பு அடங்கியிருக்க வேண்டும், நாக்கில் கனமாக நிற்க வேண்டும், நுரை கட்ட வேண்டும்.

மகன் கையோடு இரண்டு டப்பா இத்தாலியக் கொட்டை கொண்டுவந்திருந்தான். அதிலும் இந்த மூன்று குணமும் இருந்தன. ஆனால் வறுத்த தேதி எங்கும் இல்லை. இரண்டு வருடம் வரை வைத்துக்கொள்ளலாம் என்று மட்டும் போட்டிருந்தது. குடித்துப் பார்த்தேன். எங்கேயோ குடித்த காப்பி மாதிரி இருந்தது. எங்கே என்றுதான் பிடிபடவில்லை.

ஒரே ஆண்டில் இரண்டு சம்பவம்

பிரெஞ்சுப் பள்ளியில் படித்த எங்களுக்கு 1869 என்றால் ஒன்றுதான் நினைவு வரும். அந்த வருடம் நவம்பர் 17-ஆம் தேதி சூயஸ் கால்வாய் திறக்கப்பட்டது. லெசெப்ஸ் பெயரைச் சொல்லாவிட்டால் வாத்தியார் காதைத் திருகுவார். அதே 1869-இல் இலங்கையில் நடந்த இன்னொரு சம்பவத்தைப் பற்றி வகுப்பில் யாரும் சொன்னதில்லை. காப்பி இலைகளின் அடியில் மஞ்சள் கலந்த செந்நிறப் பொடி படிந்திருப்பதை அங்கே கண்டார்கள். இலைத்துரு நோய். ஒரு வகைப் பூஞ்சணம்.

கண்டி மலைக் காப்பித் தோட்டங்களுக்கு நம் பக்கத்து ஏழைக் குடியானவர்கள் எப்படிப் போனார்கள் என்பது பெரியவர்களுக்குத் தெரியும். மன்னாரில் கரையேறிக் காட்டு வழியே நடந்து போனார்கள். வழியில் காலராவிலும் காய்ச்சலிலும் செத்தவர்களுக்குக் கணக்கில்லை. அவர்கள் உண்டாக்கிய தோட்டங்களை இருபது ஆண்டுகளுக்குள் துரு தின்றுவிட்டது. காப்பியைப் பிடுங்கிய இடத்தில் தேயிலை நட்டார்கள். இலங்கை தேயிலை நாடானது அப்படித்தான். நம் மலைகளுக்கும் சீக்கிரமே துரு வந்து சேர்ந்தது. பாபா புடன் மெக்காவிலிருந்து திரும்பும்போது ஏழு கொட்டைகளைக் கொண்டுவந்து சிக்மகளூர் மலையில் விதைத்தார் என்று சொல்லப்படும் அந்த அராபிகா இனம் இந்த நோயைத் தாங்காது.

தாங்கும் செடியைத் தேடினார்கள். ஆப்பிரிக்காவின் காங்கோ பக்கத்தில் ஒரு முரட்டுச் செடி கிடைத்தது. தாழ்ந்த நிலத்தில் வளரும், வெயிலையும் தாங்கும், துருவுக்கு அவ்வளவாக அஞ்சாது, காயும் நிறையக் காய்க்கும். அதுதான் ரோபஸ்டா. 1900-ஐ ஒட்டிய வருடங்களில் அது ஜாவாவுக்கும் பிறகு இந்தியாவுக்கும் பரவியது. சுவையில் அராபிகாவின் நளினம் கிடையாது. கசப்பு அதிகம், காபீன் ஏறக்குறைய இரண்டு மடங்கு. எனவே ஏழையின் காப்பி என்று பெயர் வாங்கியது. நம் ஊரில் சைகோனிலிருந்து திரும்பிய சொல்தாக்கள் வீட்டில், கண்ணாடி டம்ளரின் மேல் தகரக் குவளை வைத்துச் சொட்டுச் சொட்டாக இறக்கி டப்பாப்பால் ஊற்றிக் குடிப்பார்களே, நினைவிருக்கிறதா? வியட்நாமில் விளைவதில் பெரும்பகுதி இந்த ரோபஸ்டாதான். இன்று இந்தியாவில் விளையும் காப்பியிலும் பத்தில் ஏழு பங்கு இதுதான்.

அழுத்தமாக நுரை கட்டுவது இந்த ரோபஸ்டா. இத்தாலியர்கள், முக்கியமாகத் தெற்கு இத்தாலியர்கள், தங்கள் எஸ்பிரெஸோ கலவையில் இதை விடாமல் சேர்க்கிறார்கள். நம் நாட்டுக் காப்பியை அதிகம் வாங்கும் நாடே இத்தாலிதான் என்று தெரிந்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. மகன் அங்கிருந்து சுமந்து வந்த டப்பாவில் குடகு மலைக் கொட்டை நாலு இருந்தாலும் ஆச்சரியமில்லை.

மாஹேயில் பார்த்த கிடங்கு

இப்போது அந்த வருடத்தின் இன்னொரு சம்பவம், சூயஸ். 1980-களில் என்னை மூன்று வருடம் மாஹேக்கு மாற்றினார்கள். புதுச்சேரி அரசு ஊழியர்களுக்கு அது என்ன மாதிரி மாற்றல் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மாஹேயிலிருந்து தலச்சேரி கூப்பிடு தூரம். ஒரு ஆடி மாதம், விடாத மழையில், உடன் வேலை பார்த்த நண்பர் ஒரு காப்பிக் கிடங்கைக் காட்ட அழைத்துப் போனார்.

பக்கச் சுவர்கள் இல்லாமல் திறந்து கிடந்த பெரிய கூடம். தரை முழுக்க நாலைந்து அங்குல உயரத்துக்குக் காப்பிக்கொட்டை பரப்பியிருந்தது. கடலிலிருந்து ஈரக்காற்று நேராக உள்ளே அடித்தது. ஆட்கள் கொட்டையைக் கிளறிக் கிளறிவிட்டார்கள். ஒரு பக்கத்தில் தளர்வாக நிரப்பிய கோணி மூட்டைகள், காற்றுப் புக இடம் விட்டு அடுக்கியிருந்தன. கையில் ஒரு பிடி அள்ளினேன். பச்சைக் கொட்டைக்குரிய நிறமே இல்லை. வெளிறிய மஞ்சள். ஊறிப் பருத்து, எடை இல்லாமல் இருந்தது. ஈரச் சாக்கு வாசனை. "நனைஞ்சு வீணாப் போன சரக்கா?" என்று கேட்டேன். நண்பர் சிரித்தார். "இதுதான் சார் வெளிநாட்டுக்குப் போறது," என்றார்.

விஷயம் இதுதான். பாய்க்கப்பல் காலத்தில் மலபார்க் கரையில் ஏற்றிய காப்பி ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டு ஐரோப்பா போய்ச் சேர மாதக்கணக்கில் ஆகும், ஆறு மாதம்கூட ஆகும். கப்பலின் அடித்தளத்தில் கிடந்து, கடல் ஈரத்தில் ஊறி, கொட்டை மஞ்சளாகிப் புளிப்பு அடங்கிப்போகும். நார்வே, ஸ்வீடன் பக்கத்தில் அந்தச் சுவைக்கே பழகியிருந்தார்கள். சூயஸ் திறந்தது, நீராவிக் கப்பல் வந்தது, பயணம் வாரக்கணக்காகச் சுருங்கியது. புத்தம் புதுக் கொட்டை போய் இறங்கியது. வாங்கியவர்களுக்குப் பிடிக்கவில்லை. "பழைய மாதிரி இல்லையே!" என்றார்கள். அதற்காக நம் மேற்குக் கரையில், கப்பல் செய்த வேலையைப் பருவமழையைக் கொண்டே செய்யக் கற்றுக்கொண்டார்கள். ஜூனிலிருந்து செப்டம்பர் வரை மூன்று நான்கு மாதம் காற்றில் ஊறவிடுகிறார்கள். 'மான்சூன்ட் மலபார்' என்று பெயர். 2008-இல் புவிசார் குறியீடும் கிடைத்தது. புளிப்பு இல்லை, நாக்கில் கனம் உண்டு. எஸ்பிரெஸோ மெஷின் கேட்பதும் அதைத்தானே? நான் வீணாய்ப் போனது என்று நினைத்த சரக்கு அது.

அப்பாவின் பொட்டலம்

சிக்கரியும் இப்படி வந்ததுதான். 1806 நவம்பர் 21, பெர்லின் ஆணை. நெப்போலியன் இங்கிலாந்துக்கு எதிராக ஐரோப்பாத் துறைமுகங்களை அடைத்தான். இதைத் தேதியோடு மனப்பாடம் செய்திருக்கிறேன். அந்த அடைப்பினால் காப்பி கிடைக்காமல் பிரெஞ்சுக்காரர்கள் சிக்கரி வேரை வறுத்துக் குடித்ததை மட்டும் வாத்தியார் சொல்லவில்லை. தடை நீங்கிய பிறகும் பழக்கம் போகவில்லை. நம் வீடுகளிலும் சிக்கரி சேர்ந்தது காசுக் கணக்கினால்தான்.

என் அப்பா மில்லில் கணக்கு எழுதியவர். நாங்கள் ஆறு பேர் பிள்ளைகள். ரோபஸ்டா, அதில் நூற்றுக்கு நாற்பது சிக்கரி, வாரத்துக்குக் கால் கிலோ. கடையில் மற்றவர்கள் "பீபெரி பாதி, பிளாண்டேஷன் ஏ பாதி" என்று உரக்கச் சொல்லுவார்கள். அப்பா கூட்டம் குறையும்வரை ஓரமாக நின்றிருந்து, "வழக்கமானது" என்று மட்டும் சொல்லுவார். பொட்டலத்தைச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு வருவார்.

1974-இல் எனக்கு வேலை கிடைத்தது. முதல் சம்பளத்தில் பீபெரி வாங்கி வந்தேன். காய்க்குள் இரண்டு பருப்புக்குப் பதிலாக ஒற்றைப் பருப்பாக உருண்டு விளைவதுதான் பீபெரி. பொறுக்கி எடுத்துத் தனியாக விற்பதால் விலை கூடுதல். அம்மா கலந்து கொடுத்தாள். எல்லோர் முன்னாலும் நான், "இதுதான் காப்பி. இத்தனை நாள் நாம குடிச்சது கஷாயம்," என்றேன். இருபத்திரண்டு வயது.

அப்பா ஒன்றும் சொல்லவில்லை. டம்ளரைக் காலி செய்துவிட்டு, "நல்லாத்தான் இருக்கு" என்று எழுந்து போனார். அதற்குப் பிறகும் தனக்கென்று அந்தப் பழைய பொடியைத் தனி டப்பாவில் வைத்திருந்தார். விலை கூடியதை வீணாக்க வேண்டாம் என்று சொல்லுவார். 1991-இல் காலமாகும்வரை அதுதான் அவருக்கு. அவருக்கு உண்மையில் பிடித்தது எது என்று நான் கேட்டதே இல்லை.

நாங்கள் தேர்ந்தெடுத்தது

நாலைந்து கலவை பார்த்துக் கடைசியில் நின்றது இது: பிளாண்டேஷன் ஏ பாதி, மான்சூன்ட் மலபார் முப்பது பங்கு, கழுவிப் பதப்படுத்திய ரோபஸ்டா இருபது பங்கு. அந்த ரோபஸ்டாவைக் கடையில் பார்ச்மென்ட் என்பார்கள். அராபிகா வாசனைக்கு, மலபார் கனத்துக்கு, ரோபஸ்டா நுரைக்கு. பீபெரியையும் போட்டுப் பார்த்தோம். உருண்டையாக இருப்பதால் சீராக வறுபடுகிறது என்பது உண்மை. தனியாகப் போட்டால் மெஷினில் புளிப்பு முன்னே வந்து நின்றது. என் பெருமை அவ்வளவுதான்.

வெளிநாட்டிலிருந்து பிள்ளைகள் இப்படி மெஷின் கொண்டுவந்து இறக்கினால் உங்களுக்கும் உதவலாம் என்று சில குறிப்புகள்:

டப்பாவின் அழகைப் பார்க்காதீர்கள். வறுத்த தேதியைக் கேளுங்கள். பதில் சொல்லாத கடையில் வாங்காதீர்கள்.

வறுத்த அன்றே போடாதீர்கள். கொட்டைக்குள் கரியமில வாயு நிறைந்திருக்கும், நுரைதான் பொங்கும், சுவை கூடி வராது. எட்டுப் பத்து நாள் ஆறவிட்டு, பிறகு ஒரு மாதத்துக்குள் தீர்த்துவிடுங்கள். கால் கிலோவுக்கு மேல் வாங்க வேண்டாம். காற்றுப் புகாத டப்பா போதும், பிரிட்ஜ் வேண்டாம்.

நடுத்தரமாக வறுக்கச் சொல்லுங்கள். எண்ணெய் கசிந்து மினுங்கும் கருங்கொட்டை அரைக்கும் மெஷினில் ஒட்டிக்கொள்ளும்.

18 கிராம் பொடிக்கு 36 கிராம் காப்பி, 25 முதல் 30 விநாடிக்குள். அதற்கு முன்பே ஓடி வந்தால் இன்னும் நைசாக அரையுங்கள். சொட்டுச் சொட்டாக வந்தால் சற்றுக் கொரகொரப்பாக அரையுங்கள்.

சிக்கரியைப் பில்டருக்கு வையுங்கள். மெஷினிடம் கொண்டு போகாதீர்கள். அந்தச் செலவு நான் ஏற்கெனவே செய்தாகிவிட்டது.

போன ஞாயிற்றுக்கிழமை இந்தக் கலவையில் மகன் போட்ட காப்பியில் பால் சேர்த்து, வெள்ளி டம்ளரில் ஊற்றி, என் மனைவியிடம் கொடுத்தேன். அதுவரை அவள் அந்த மெஷின் காப்பியைத் தொட்டதில்லை. 1979-இல் மருமகளாக வந்தவள். பன்னிரண்டு வருடம் என் அப்பாவுக்கு அந்தத் தனி டப்பாவிலிருந்து காப்பி கலந்து கொடுத்தவள் அவள்தான்.

ஒரு வாய் குடித்தாள். கொஞ்சம் யோசித்து, இன்னொரு வாய் குடித்தாள்.

"என்னங்க, இது மாமா காப்பி மாதிரி இல்ல?" என்றாள்.

ரோபஸ்டா இருபது பங்குதான், சிக்கரி துளிகூட இல்லை என்று கணக்குச் சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. டம்ளரை வாங்கி நானும் ஒரு வாய் குடித்தேன்.